ஒரு நாளைக்கு ஒரு போத்தல்

நம்மோடு கோயிலில் முதல் நன்மை என்று நற்கருணை வாங்கிய பிள்ளைகளில் இன்றைக்கு உயிரோடு இருப்பது ஆறு பேர். அதில் ஒருவருக்குக் காது கேளாது, ஒருத்திக்கு ஆட்களை அடையாளம் தெரியாது. மிச்சமாய் இருக்கிற நீங்கள் போன கிழமை தொலைபேசியில் கூடிக் கதைத்து, ஞாபகசக்தி உள்ளவள் நான்தான், ஆகவே நான்தான் எழுத வேண்டும் என்று தீர்ப்புச் சொல்லிவிட்டீர்கள். எழுதுகிறேன். ஆனால் திருநாள், கூத்து, கொடியேற்றம் என்று நீங்கள் எதிர்பார்ப்பது ஒன்றும் இதில் வராது. நாம் ஞானோபதேசம் படித்த அந்த வருஷத்துச் சோளகக் காற்றுக் காலத்தைப் பற்றித்தான் சொல்லப்போகிறேன். அதில் உங்களுக்கும் பங்கு இருக்கிறது. வாசித்துவிட்டுக் கோபம் வந்தால் கோபியுங்கள், இந்த வயதில் அது எத்தனை நாளைக்கு நிற்கப்போகிறது!

அந்தக் காலத்தில் எங்கள் வீட்டு வளவுக்குள் கால் வைத்தால் முதலில் தார்தான் மணக்கும். ஊர் ஆண்கள் எல்லாரும் கடலுக்குப் போக, என் அப்பா மட்டும் சைக்கிளில் துறையடிக்குப் போவார். அங்கே அவர் பிற்றர், யந்திரம் திருத்துகிற வேலை. பின்னேரம் எண்ணெய்க் கையோடு வந்து, தேத்தண்ணீரை நின்றபடியே குடித்துவிட்டு, வளவின் பின்பக்கத்துக் கொட்டிலுக்குள் போய் கதவை உள்ளே கொளுவிக்கொள்வார். அந்தக் கொட்டில் உங்களுக்கு ஞாபகம் இருக்கும். நாலு பக்கமும் ஆளுயரத்துக்கு மேல் ஓலை வேலி, பலகைக் கதவு, கதவில் பித்தளைப் பூட்டு. மேலே கூரை இல்லை.

கூரை இல்லாத கொட்டிலுக்கு எதற்குப் பூட்டு என்று ஊர் கேட்டது. அப்பா பதில் சொல்லவில்லை. எங்களுக்கும் சொல்லவில்லை. "உதுக்குள்ள ஒருத்தரும் எட்டிப் பாக்கப்படாது" என்று மட்டும் ஒருமுறை சொன்னார். அடிப்பேன் என்று சொல்லியிருந்தால் பயந்திருக்கமாட்டேன். தயவாகக் கேட்பது போலச் சொன்னதால் பயந்தேன்.

நம் ஊர்க் கிணறுகளைப் பற்றி உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. உங்கள் பேரப்பிள்ளைகள் வாசிக்கக்கூடும் என்பதால் சொல்கிறேன். வீட்டுக் கிணறு எல்லாம் உப்புச் சவர். குளிக்கலாம், உடுப்பு அலசலாம், சோறு ஆக்கினால் மஞ்சளிக்கும். நல்ல தண்ணீர்க் கிணறு கோயிலுக்கும் அப்பால் மணல் மேட்டில் இருந்தது. சோளகம் வீசத் தொடங்கினால் அதுவும் வற்றி, வாளியில் பாதி மணல் வரும். அம்மாவும் அக்காவும் விடியப் போனால் வெயில் ஏறித்தான் வருவார்கள். அம்மாவுக்கு அப்போதே இடுப்பு வலி. வசதியுள்ளவர்கள் கழுதையில் குடம் கட்டிக் கொண்டுவருவார்கள். எங்களுக்குக் கழுதை இல்லை. ஒருநாள் அம்மா குடத்தை இறக்கிவைத்துவிட்டு இடுப்பைப் பிடித்துக்கொண்டு இருந்தபோது, அப்பா கடற்பக்கம் திரும்பி, "இவ்வளவு தண்ணியையும் பாத்துக்கொண்டு தண்ணிக்கு நடக்கிறம்" என்றார். அம்மா அதைப் பகிடி என்று நினைத்தாள்.

அம்மாவின் சீதன அலுமாரிதான் எங்கள் வீட்டில் பெறுமதியான ஒரே பொருள். இரண்டு கதவு, இரண்டிலும் ஊடாகத் தெரிகிற முழுநீளக் கண்ணாடி. உள்ளே பூப்போட்ட கோப்பைகளும் அந்தோனியார் சுரூபமும் இருக்கும். அக்காவின் கலியாணத்துக்கு அந்த அலுமாரி அவளோடு போகும் என்று பேச்சு. ஒருநாள் பள்ளிக்கூடத்தால் வந்து பார்த்தால் கதவு இரண்டும் ஓட்டையாக இருந்தன. "கண்ணாடி ஒட்டின புட்டி காய்ஞ்சு போச்சு. கண்ணாடி எப்பவும் கழண்டு விழும். ரவுண் கடையில குடுத்துச் செய்விக்கிறன்" என்றார் அப்பா. அம்மா பழைய சேலைத் துண்டைக் கிழித்துத் திரை போட்டாள். மூன்று மாதமாக ரவுணிலிருந்து கண்ணாடி வரவில்லை.

இங்கே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் பின்னுக்கு நடந்தது விளங்காது. அப்பாவுக்குக் கொழும்பிலிருந்து ஒரு கடிதம் வந்திருந்தது. புதிதாக யந்திரம் கண்டுபிடித்தவர்கள் அதைத் தங்கள் பெயரில் பதிகிற கந்தோர் ஒன்றிலிருந்து வந்தது. அவர் செத்தபின் அதை நான்தான் எடுத்து வாசித்தேன். அதில் ஒரு வரிக்குக் கீழே பென்சிலால் இரண்டு கோடு கிழித்திருந்தார். பதிவதற்கு முன்னர் பொருளைப் பிறருக்குக் காட்டினால் உரிமை கோர முடியாது என்பது அந்த வரி. எங்கள் அப்பா எழுத்தில் இருந்ததை அப்படியே நம்புகிற மனிதர். பெண்சாதிகூடப் 'பிறர்'தான் என்று எடுத்துக்கொண்டார்.

ஆனால் நான் பார்த்துவிட்டேன். வேலிக்குள் ஒரு ஓலை இற்றுப்போய் இருந்தது. மத்தியானம், அப்பா துறையடியில். உள்ளே ஒரு பெரிய பெட்டி, மேலே சரிவாக எங்கள் அலுமாரிக் கண்ணாடி. கண்ணாடியின் உட்பக்கம் வியர்த்துப் போயிருந்தது. கீழ் ஓரத்தில் ஒரு தகரப் பீலி. அதன் நுனியில் ஒரு சாராயப் போத்தல். பீலியிலிருந்து துளி துளியாக, கண்ணீர் மாதிரித் தெளிவாக, போத்தலுக்குள் விழுந்துகொண்டிருந்தது. எட்டு வயதுப் பிள்ளைக்கு வேறு என்ன யோசனை வரும்? சாராயப் போத்தலுக்குள் விழுவது சாராயம்தான்!

அக்காவுக்குச் சம்பந்தம் முற்றாகியிருந்தது. மாப்பிள்ளை மேற்குக் கரைச் சம்மாட்டியாரின் மூத்த மகன். சம்மாட்டியாருக்கு நாலு வள்ளம், இரண்டு கரைவலை, பிறகு அந்தக் குரல். பூசைக்கு முன்னால் கோயில் வாசலில் அவர் இருமினால் உள்ளே பீடத்தில் கேட்கும். நல்ல மனிதர். ஒரே ஒரு பிடிவாதம், கசிப்பு என்கிற கள்ளச்சாராயம் காய்ச்சுகிற வீட்டில் கை நனைக்கமாட்டார். அவருடைய தம்பி ஒருவர் அதைக் குடித்துக் கண் போய்ச் செத்தவர். கலியாணத்துக்கு முன் மூன்று ஞாயிறு கோயிலில் ஓலை வாசிப்பார்கள் அல்லவா, இன்னாருக்கும் இன்னாருக்கும் விவாகம் நடக்கப்போகிறது, தடை ஏதும் அறிந்தவர்கள் அறிவிக்க வேண்டும் என்று. அக்காவின் முதல் ஓலை வாசித்தாயிற்று. அவள் அன்றைக்கு முக்காட்டை மூக்குவரை இழுத்துக்கொண்டு இருந்தாள்.

இப்போது உங்கள் பங்குக்கு வருகிறேன்.

ஞானோபதேசம் படிப்பித்த உபதேசியார் எங்களைப் பெருக்கமரத்துக்குக் கீழே சோடி சோடியாக இருத்தி, குருவான சுவாமியாரிடம் பாவம் சொல்கிற பாவசங்கீர்த்தனம் பழக்கினார். ஒரு பிள்ளை சுவாமியார், மற்றப் பிள்ளை பாவி. நடுவில் கோயில் கிராதிக்குப் பதிலாகப் பனையோலை விசிறி. பொய்ப் பாவம் சொல்லப்படாது, உண்மையான பாவத்தை யோசித்து வரச்சொல்லியிருந்தார். எனக்கு உண்மையாக ஒன்றுதான் இருந்தது. விசிறிக்கு அந்தப் பக்கம் சுவாமியாராக இருந்தவள் யார் என்று அவளுக்குத் தெரியும். இப்போது பனி கொட்டுகிற நாட்டில் கொள்ளுப்பேரன் கண்டுவிட்டாள்.

"என்ர அப்பா கொட்டிலுக்குள்ள சாராயம் வடிக்கிறார், சுவாமி. பாத்தனான். ஒருத்தருக்கும் சொல்லேல்லை."

"சொல்லாததோ பாவம்? சொல்லுறதோ பாவம்?" என்று கேட்டாள் சுவாமியார்.

"தெரியாது, சுவாமி."

"மரத்தைச் சுத்தி மூண்டு தரம் ஓடு."

நான் ஓடினேன். நான் ஓடி முடிக்குமுன் என் பாவம் நாலு விசிறி தாண்டிவிட்டது. பாவசங்கீர்த்தனத்தில் கேட்டதை வெளியே விடக்கூடாது என்பது அடுத்த கிழமைப் பாடம். அது நம் யாருக்கும் அப்போது தெரியாது. அதனால் உன்னைக் குற்றம் சொல்லவில்லை, அழாதே!

இரண்டாம் ஓலை வாசிக்கும்போதே கோயிலில் குசுகுசுப்பு. ஊருக்கு எல்லாம் பொருந்தி வந்தது. கூரை இல்லாதது ஏன்? மணம் மேலால் போகத்தானே. புகை ஏன் வருவதில்லை? "துறையடியில வெள்ளைக்காரன்ர யந்திரம் எல்லாம் கழட்டிப் பூட்டின ஆள். புகையில்லாமல் காய்ச்சுறது அவருக்கு என்ன பெரிய வேலையே?" என்று கிணற்றடியில் ஒரு பெண் வியந்து பேசியதை அக்காவே கேட்டுவிட்டு வந்தாள். பழி சொன்னதிலும் ஒரு மரியாதை இருந்தது.

புதன்கிழமை கோயில் மூப்பர் வந்தார். கதிரையில் இருக்கவில்லை. தொப்பியைக் கையில் வைத்துத் திருப்பிக்கொண்டே, "மூண்டாம் ஓலையை நிப்பாட்டச் சொல்லி சம்மாட்டியார் சுவாமியிட்டக் கேட்டுப்போட்டார். நீங்கள் சனிக்கிழமைக்குள்ள கொட்டிலைத் திறந்து காட்டினால் சரி. இல்லாட்டி அவையள் வேற இடம் பாக்கினம்" என்றார். அப்பா தலையை ஆட்டினார், ஓம் என்றா இல்லை என்றா விளங்காதபடி.

மூப்பர் வேலிப் படலையைத் தாண்டியதும் அம்மா தொடங்கினாள்.

"இஞ்சேருங்கோ, உதுக்குள்ள என்னதான் இருக்கு?"

"களவில்லை. கொஞ்ச நாள் பொறு. நானே ஊரைக் கூப்பிட்டுக் காட்டுறன்."

"எத்தனை நாள்?"

"மூண்டு மாசம். கூடினால் நாலு."

"ஓலை ஞாயிற்றுக்கிழமை" என்றாள் அம்மா.

வியாழன், வெள்ளி இரண்டு நாளும் வீட்டில் சட்டி பானைச் சத்தம் மட்டும் கேட்டது. அக்கா கலியாணக் கூறைக்கென்று எடுத்துவைத்த துணியை மடித்துப் பெட்டகத்தின் அடியில் வைத்துவிட்டாள். என்னால்தான் என்று சொல்லியிருக்கலாம். சொல்ல வாய் வரவில்லை.

வெள்ளி பின்னேரம் அப்பா சைக்கிளைச் சாத்தும்போது, அக்கா தண்ணீருக்குப் போவதற்குக் குடத்தோடு நின்றாள். அவள் அப்பாவோடு நேருக்கு நேர் கதைப்பது குறைவு.

"அப்பா, அது சாராயமோ?"

"இல்லைப் பிள்ளை."

"அப்ப சரி" என்றாள். குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு போய்விட்டாள்.

அப்பா சைக்கிளைப் பிடித்தபடி கனநேரம் நின்றார். அவரைத் திறக்கவைத்தது மூப்பருமல்ல, சம்மாட்டியாருமல்ல என்று இன்றைக்கு நினைக்கிறேன். அக்கா திறக்கச் சொல்லிக் கேட்டிருந்தால் மறுத்திருப்பார். அவள் கேட்கவில்லை.

சனிக்கிழமை உச்சி வெயிலில், அப்பா ஆளனுப்பிக் கூப்பிட்டபடி, சுவாமியார், சம்மாட்டியார், மூப்பர் மூவரும் வந்தார்கள். வேலிக்கு வெளியே பாதி ஊர் நின்றது. நீங்களும் நின்றீர்கள், ஒருத்தி என்னைப் பார்த்துக் கண்ணடித்தாள். அப்பா குளித்து வெள்ளை வேட்டி கட்டியிருந்தார். பூட்டைத் திறந்தார். "வாங்கோ" என்றார்.

பெட்டியின் அடி முழுதும் கறுப்புத் தார். அதில் நாலு விரல் உயரத்துக்குக் கடல் தண்ணீர். அம்மா கண்ணாடியைக் கண்டதும் "ஐயோ, என்ர அலுமாரி!" என்றாள். சம்மாட்டியார் குனிந்து போத்தலை எடுத்து மணந்தார். மறுபடியும் மணந்தார். சுவாமியார் அதை வாங்கிச் சிலுவை அடையாளம் போட்டு ஒரு வாய் குடித்தார்.

"தண்ணி" என்றார் சுவாமியார். "நல்ல தண்ணி. உப்பே இல்லை."

"கடல் தண்ணிதான் சுவாமி" என்றார் அப்பா. "வெயில் குடிச்சு ஆவியாக்கி, கண்ணாடியில ஏத்தி, பீலியில இறக்குது. விறகு இல்லை, நெருப்பு இல்லை. நானாக் கண்டுபிடிச்சது."

சம்மாட்டியார் பெட்டியைச் சுற்றி ஒருமுறை நடந்தார். வியாபாரி அல்லவா, கேட்க வேண்டியதைக் கேட்டார்.

"ஒரு நாளைக்கு எவ்வளவு வரும்?"

அப்பா வேட்டித் தலைப்பில் கையைத் துடைத்தார்.

"ஒரு போத்தல்."

"ஒரு போத்தலோ!" அந்தப் பெரிய குரல் வேலி தாண்டிக் கேட்டது. "இதுக்கோ ஐயா ஊரைக் கலங்கடிச்சனீர்? என்ர கழுதை ஒருக்காப் போனா நாலு குடம் கொண்டருமே!"

எல்லாரும் சிரித்தார்கள். சுவாமியார் சிரித்தார், மூப்பர் சிரித்தார், வேலிக்கு வெளியே ஊர் சிரித்தது. கலியாணம் பிழைத்த சந்தோஷத்தில் அம்மா கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தாள். நானும் சிரித்தேன், எல்லாரையும் விடச் சத்தமாக. அது வெறும் தண்ணீராக இருந்ததில் எனக்குத்தான் மிகப் பெரிய ஆறுதல். அப்பா போத்தலைச் சுவாமியாரிடமிருந்து வாங்கி, வாயைத் துடைத்து, மறுபடி பீலிக்குக் கீழே வைத்தார். அக்கா சிரித்தாளா என்று எனக்கு ஞாபகம் இல்லை.

அன்று பின்னேரமே அவர் பெட்டியைக் கழற்றினார். கண்ணாடியைப் பிடிக்க என்னைக் கூப்பிட்டார்.

"ஏன் கழட்டுறீங்கள், அப்பா?"

"கலியாணத்துக்கு அலுமாரி போக வேணுமெல்லோ." கொஞ்சநேரம் ஆணி பிடுங்கினார். பிறகு, கேட்காமலே, முதலும் கடைசியுமாக எனக்கு அதை விளங்கப்படுத்தினார். அடி கறுப்பாக இருக்க வேண்டும். மேல் மூடி சரிவாக இருக்க வேண்டும், அப்போதுதான் துளி ஒரு பக்கம் ஓடும். "எல்லாத்தையும் விட முக்கியம், ஓரத்தால காத்துப் போகப்படாது. அவ்வளவுதான் சூட்சுமம். கண்ணாடி பெரிசாக் கிடைச்சிருந்தா..." என்று நிறுத்திக்கொண்டார்.

"நீயும் சாராயம் எண்டுதான் நினைச்சனியோ?"

"ஓம், அப்பா."

"மணந்து பாத்திருக்கலாமே, பிள்ளை" என்றார். கோபமே இல்லை. அடுத்த ஆணிக்குப் போய்விட்டார். எல்லாம் தெரிந்துதான் கேட்டாரா, சும்மா கேட்டாரா என்று நான் அவரிடம் கேட்கவே இல்லை.

மறுநாள் மூன்றாம் ஓலை வாசித்தார்கள். அடுத்த கிழமை உண்மையான கிராதிக்கு முன்னால் முழந்தாளிட்டு, அப்பாவைப் பற்றி அவதூறு சொன்னதாக உண்மையான சுவாமியாரிடம் சொன்னேன். மாதாவுக்கு மூன்று பிரியதத்த மந்திரம் சொல்லச்சொல்லி விட்டுவிட்டார். அலுமாரி, ஓரத்தில் தார்க் கறை போகாத கண்ணாடிகளோடு, மாட்டுவண்டியில் அக்கா வீட்டுக்குப் போனது. அப்பா கொழும்புக்கு மறுமொழி எழுதவில்லை. அந்த ஓலை வேலியை அடுத்த மாரி மழைக்கு அடுப்பில் எரித்தோம். "நல்ல காலம், அந்தப் பித்து விட்டுது" என்று அம்மா சொல்வாள். நாங்களும் அப்படித்தான் நினைத்தோம். அதன்பின் இருபது வருஷம் அவர் வேலைக்குப் போனார், வந்தார், செபம் சொன்னார், சுவர்ப்பக்கம் பார்த்துப் படுத்தார். பித்து விட்ட மனிதன் அப்படியா இருப்பான் என்று யாரும் யோசிக்கவில்லை.

பின்னாளில் நான் படிப்பித்த பள்ளிக்கூடத்தில் ஒரு விஞ்ஞானப் புத்தகத்தில் அதே பெட்டியின் படத்தைப் பார்த்தேன். அப்பா பிறப்பதற்கு வெகுகாலம் முன்பே யார் யாரோ செய்துவிட்டார்களாம். கொழும்பில் எப்படியும் பதிந்திருக்கமாட்டார்கள். புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். அப்போது அவர் உயிரோடு இருந்தார். அவரிடம் சொல்லவில்லை.

சண்டைக்காலத்தில் நாங்கள் வள்ளத்தில் போன கதை உங்களுக்குத் தெரியும், உங்களில் பலர் அப்படித்தான் போனீர்கள். எங்களை ஏற்றியவன் இதுதான் இந்தியக் கரை என்று இறக்கிவிட்டுப் போய்விட்டான். விடிந்து பார்த்தால் நடுக்கடலில் ஒரு மணல்திட்டு. மரம் இல்லை, நிழல் இல்லை, சுற்றிவரக் கடல். அக்கா, அத்தான், அவர்களுடைய மகள், அவளுடைய கைக்குழந்தை, நான், இன்னும் இரண்டு குடும்பம். கொண்டுவந்த தண்ணீர் முதல் நாளே முடிந்தது. பிள்ளைக்காரிக்குப் பால் நின்றுவிட்டது. இரண்டாம் நாள் காலையில் குழந்தை அழுவதையும் நிறுத்திவிட்டது. அது அழாமல் இருந்ததுதான் எங்களுக்குப் பயமாக இருந்தது.

அத்தான் என் பக்கத்தில் வந்து குந்தினார். தகப்பன் சம்மாட்டியாருடைய குரல்தான் அவருக்கும், ஆனால் அன்றைக்கு அது எழும்பவில்லை.

"மச்சாள், மாமா அதை எப்பிடிச் செய்தவர்? உமக்குத்தானே தெரியும்."

கையால் ஈரமணல் வரும்வரை தோண்டினோம். கடல் தண்ணீர் ஊற்றினோம். அக்காவின் கறுத்த சேலையை நனைத்து அடியில் விரித்தோம். நடுவில் ஒரு தகரப் பேணி. மேலே, உடுப்புப் பெட்டியைச் சுற்றியிருந்த பொலித்தீன். ஓரம் முழுதும் மணல் போட்டு அமத்தினேன், காற்றுப் போகாமல், ஒரு விரற்கடைகூட விடாமல். பொலித்தீனின் நடு பேணிக்கு நேரே சரிய வேண்டும், அதற்குப் பாரம் வைக்க அங்கே ஒரு கல்லும் இல்லை. அக்கா இடுப்பிலிருந்து சாவிக்கொத்தை எடுத்து வைத்தாள். பூட்டிவிட்டு வந்த வீட்டுச் சாவியும் அலுமாரிச் சாவியும் அதில் இருந்தன.

பகல் முழுக்க அதைச் சுற்றி இருந்தோம். உச்சி வெயிலில் பொலித்தீனின் உட்பக்கம் வியர்த்தது. துளிகள் சாவிக்கொத்தை நோக்கி ஊர்ந்து வந்து, ஒவ்வொன்றாய் விழுந்தன.

வெயில் சாய்ந்ததும் அத்தான் மணலைத் தள்ளிப் பேணியை எடுத்தார். அக்கா விரல் நுனியைத் தோய்த்து நாக்கில் வைத்துப் பார்த்தாள். பிறகு துணியை நனைத்து நனைத்துக் குழந்தையின் வாயில் பிழிந்தாள். அது முதலில் முகம் சுளித்தது, பிறகு துணியைச் சப்பத் தொடங்கியது, பிறகு வீரிட்டு அழுதது.

எவ்வளவு வந்தது என்று அங்கே ஒருவரும் கேட்கவில்லை.